இல்லை சொல்லாத மலை

பெரியவர்களும் கேளுங்கள், பிள்ளைகளும் கேளுங்கள். கேட்டுக்கொண்டே தூங்கிவிடுகிறவர்கள் மட்டும் சுவர் ஓரமாக உட்காருங்கள். மலைகளுக்கெல்லாம் பெயர் வைத்து முடித்துவிட்டு, எல்லைகளுக்கு மட்டும் இன்னும் பெயர் வைக்காமல் இருந்த காலத்தில் நடந்த கதை இது.

கிழக்கே செம்மண் நாடு. மேற்கே கருமண் நாடு. நடுவில் முகில்முட்டி மலை. செம்மண்ணில் கேழ்வரகு விளைந்தது. கருமண்ணில் பருத்தி விளைந்தது. மலையில் மேகம் விளைந்தது. அந்த மேகம் எந்தப் பக்கம் இறங்குகிறதோ அந்தப் பக்கத்து ஆறு நிறையும். அதனால் இரண்டு நாட்டு அரசர்களும் மலையை அண்ணாந்து பார்க்கும்போதெல்லாம் "என் மலை" என்றார்கள்.

மலையின் இரு சரிவுகளும் சந்திக்கிற கணவாயில் ஒரு சின்ன ஊர் இருந்தது. பெயரே கணவாயூர்தான். அங்கிருந்தவர்கள் ஆடு மேய்த்தார்கள், தினை விதைத்தார்கள், தேன் எடுத்தார்கள். ஊருக்குக் கிழக்கே ஒரு வாசல், மேற்கே ஒரு வாசல். ஊரைச் சுற்றி முள்வேலி.

அந்த ஊரில் ஒரு வழக்கம் உண்டு. வாசலுக்கு வந்தவரிடம் "இல்லை" என்ற சொல்லைச் சொல்லக்கூடாது.

ஏன் அப்படி? முன்னொரு மழைக்காலத்தில் ஒரு வழிப்போக்கன் நனைந்து நடுங்கி வந்து, "தங்க இடம் இருக்கிறதா?" என்று கேட்டானாம். உள்ளே இருந்தவர்கள் "இல்லை" என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டார்களாம். மறுநாள் அவன் வேலியோரம் விறைத்துக் கிடந்தான். ஊரே பதறிப்போனது. "பாவி வார்த்தை! இனி இந்த வாசலில் அது கேட்கக்கூடாது" என்று தினை மேல் கை வைத்துச் சத்தியம் செய்தார்கள். யாரும் வாய் தவறிவிடக் கூடாது என்பதற்காக, வாசலுக்கு ஒருத்தியை வாசல்காரியாக வைத்தார்கள். வந்தவருக்குத் தண்ணீர் கொடுப்பதும், தேனில் பிசைந்த தினைமாவு கொடுப்பதும், கேட்டதற்கெல்லாம் இனிமையாக "ஆமாம்" சொல்வதும் அவள் வேலை.

நம் கதை நடந்தபோது கிழக்கு வாசலில் நின்றவள் பெயர் வெண்ணி. மேற்கு வாசலில் நின்றவள் அவள் நாத்தனார் கொற்றி.

வெண்ணி கெட்டிக்காரி. "உப்பு இருக்கிறதா?" என்று கேட்டால், "வந்துகிட்டே இருக்குங்க" என்பாள். "இந்த ஆட்டை எனக்குத் தருகிறாயா?" என்று கேட்டால், "உங்க ஆடுதாங்க. குட்டி போட்டதும் வந்து கூட்டிக்கிட்டுப் போங்க" என்பாள். "கீழே இறங்குகிற வழி நல்ல வழியா?" என்று கேட்டால், "நல்ல வழிதாங்க, மெல்லமாப் போங்க" என்பாள்.

அப்படி மெல்லமாகப் போன ஒரு வளையல் வியாபாரி ஓடையில் விழுந்தான். பிறகு ஆடு மேய்க்கப் போனவர்கள் பாறைச் சந்தில் பச்சையும் சிவப்புமாக வளையல் துண்டுகளைப் பார்த்தார்கள். ஆளைப் பார்க்கவில்லை. ஊரில் இரண்டு நாள் பேசினார்கள். பிறகு பேச்சு நின்றுவிட்டது. வெண்ணிக்கு மட்டும் அந்தத் துண்டுகள் அவ்வப்போது நினைவுக்கு வரும். வந்தால் வேறு வேலை பார்ப்பாள்.

இப்படிப்பட்ட ஊருக்கு, வெண்ணி பிறப்பதற்கு வெகுகாலம் முன்பே, செம்மண் நாட்டு அரசன் ஒருவன் வேட்டைக்கு வந்தான். தண்ணீர் குடித்தான். சுற்றிலும் பார்த்தான். "இந்த மலை என்னுடையதுதானே?" என்று கேட்டான். "ஆமாங்க ராசா, உங்களுடையதுதான், உட்காருங்க" என்றாள் அன்றைய வாசல்காரி. அரசன் மகிழ்ந்துபோய் ஒரு கல்லை நட்டுவிட்டுப் போனான்.

பிறகு கருமண் நாட்டு அரசன் ஒருவன் வந்தான். தண்ணீர் குடித்தான். சுற்றிலும் பார்த்தான். "இந்த மலை என்னுடையதுதானே?" என்று கேட்டான். "ஆமாங்க ராசா, உங்களுடையதுதான், உட்காருங்க." அவனும் ஒரு கல்லை நட்டுவிட்டுப் போனான்.

பிறகு ஒரு பிச்சைக்காரன் வந்தான். தண்ணீர் குடித்தான். சுற்றிலும் பார்த்தான். "இந்த மலை என்னுடையதுதானே?" என்று சிரித்துக்கொண்டே கேட்டான். "ஆமாங்க, உங்களுடையதுதான், உட்காருங்க." அவன் கல் எதுவும் நடவில்லை. உட்கார்ந்தான், சாப்பிட்டான், தூங்கினான், போய்விட்டான். வந்த மூவரில் அந்த ஊரின் பேச்சைப் புரிந்துகொண்டவன் அவன் ஒருவன்தான்.

கல் நட்ட இருவரும் தங்கள் பிள்ளைகளிடம், "மலை நம்முடையது. அந்த ஊர்க்காரர்களே சொன்னார்கள்" என்றார்கள். பிள்ளைகள் தங்கள் பிள்ளைகளிடம் சொன்னார்கள். அப்புறம் என்ன? செம்மண் படை ஏறி வந்தது, கருமண் படை ஏறி வந்தது, தினைக்காடு மிதிபட்டது. ஒரு படை ஆட்டைத் தின்றது. மற்றொரு படை குட்டியைத் தின்றது. இரண்டு படைக்கும் வாசலில் தண்ணீர் கிடைத்தது, தினைமாவு கிடைத்தது, ஆமாமும் கிடைத்தது.

வெண்ணியின் காலத்தில் மறுபடியும் போர் வந்தது. செம்மண் தளபதி கிழக்கு வாசலுக்கு வந்து, "மலை எங்களுடையதுதானே?" என்றான்.

"ஆமாங்க."

"மலை எங்களுடையது என்றால் மலையில் இருக்கிறவனும் எங்கள் ஆள்தானே?"

வெண்ணி ஒரு கணம் தயங்கினாள். பழகிய வாய் தயங்கவில்லை. "ஆமாங்க" என்றது. "அப்படியானால் இவன் வழிகாட்டட்டும்" என்று, பக்கத்தில் நின்ற அவள் தம்பி சாத்தனைத் தளபதி கூட்டிக்கொண்டு போய்விட்டான்.

அதே வாரம் மேற்கு வாசலில் கருமண் தளபதி வந்து அதே கேள்விகளைக் கொற்றியிடம் கேட்டான். அதே பதில்கள் வந்தன. அவன் வெண்ணியின் கணவன் பூதனைக் கூட்டிக்கொண்டு போய்விட்டான்.

இப்போது தம்பி ஒரு படைக்கு முன்னால் நடக்கிறான், கணவன் எதிர்ப்படைக்கு முன்னால் நடக்கிறான். போர் மூண்டால் முதலில் எதிரெதிரே நிற்கப்போவது அவர்கள்தான். வெண்ணி தினை இடித்துக்கொண்டே யோசித்தாள். இரண்டு பேரையும் பிடித்துக்கொண்டு போனது படையா, தங்கள் வாயிலிருந்து வந்த ஒரு சொல்லா? யோசிக்க யோசிக்க உலக்கை உரலில் விழாமல் தரையில் விழுந்தது.

அந்த ஆண்டு இரண்டு நாட்டிலும் மழை பொய்த்தது. படைக்குப் போடத் தானியம் குறைந்தது. அமைச்சர்கள் கூடிப் பேசி ஒரு யோசனை சொன்னார்கள். இரண்டு அரசர்களும் கணவாயூருக்குப் போகட்டும். மலை யாருடையது என்று ஊரார் இருவர் முன்னிலையிலும் சொல்லட்டும். அதுவே தீர்ப்பு.

இரண்டு அரசர்களும் உடனே சம்மதித்தார்கள். இரண்டு பேருக்கும் ஊரார் என்ன சொல்வார்கள் என்று நன்றாகத் தெரியும்!

செய்தி வந்ததும் ஊர்த்தலைவர் எயினன் தலையில் கை வைத்தார். ஊரே வெண்ணியைப் பார்த்தது. சொல்ல வேண்டியவள் அவள்தானே.

"மாமா, நிஜமா மலை யாருடையது?" என்று அவரிடமே கேட்டாள் வெண்ணி.

"இதென்ன கேள்வி? செம்மண்காரங்கதான் முதல்ல வந்தாங்க. ஊற்றைக் கட்டினதே அவங்கதான்னு எங்க அப்பா சொல்வாரு."

பக்கத்து வீட்டுக்காரி திரும்பினாள். "நல்லாச் சொன்னீங்க! ஊற்றைக் கட்டினது கருமண்காரங்க. எங்க ஆத்தா கண்ணால பார்த்தவ."

"உங்க ஆத்தாவுக்குக் கண்ணே தெரியாதே!"

"காதால பார்த்தா. உங்களுக்கென்ன?"

வெண்ணி நீரூற்றுக்குப் போனாள். அங்கே பிள்ளைகள் இரண்டு கட்சியாகப் பிரிந்து விளையாடிக்கொண்டிருந்தார்கள். ஒரு கட்சி, "செம்மண் ராசா காலால் உதைத்தான், பாறையில் ஊற்று வந்தது" என்று கத்தியது. மறு கட்சி, "கருமண் ராசா வேலால் குத்தினான், பாறையில் ஊற்று வந்தது" என்று கத்தியது. ஆட்டம் முடிந்ததும் கட்சி மாறிக்கொண்டு, மாற்றிக் கத்தினார்கள்.

"இதையெல்லாம் யாரு உங்களுக்குச் சொன்னது?" என்றாள்.

"நீங்கதான் அத்தை. வாசல்ல வந்தவங்ககிட்டச் சொல்லிக்கிட்டிருந்தீங்களே."

வெண்ணிக்குத் தலை சுற்றியது. ஊற்றங்கரையில் உட்கார்ந்துவிட்டாள். விருந்தாளி மனம் குளிர்வதற்காகச் சொன்ன கதை விருந்தாளியோடு போய்விடும் என்று நினைத்திருந்தார்கள். அது போகவில்லை. வேலிக்கு உள்ளே நின்று பிள்ளைகள் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவர்கள் வளர்ந்து எயினன் ஆனார்கள், பக்கத்து வீட்டுக்காரி ஆனார்கள், வெண்ணியும் ஆனார்கள். இப்போது எது நடந்தது, எது உபசாரம் என்று பிரித்துச் சொல்ல ஊரில் ஓர் ஆள் இல்லை. ஊற்று என்னவோ யாரையும் கேட்காமல் வந்துகொண்டிருந்தது.

செம்மண் என்று சொன்னால் கருமண் அரசன் கையில் இருக்கிற பூதன் தலை போகும். கருமண் என்று சொன்னால் செம்மண் அரசன் கையில் இருக்கிற சாத்தன் தலை போகும். இருவருக்கும் ஆமாம் என்று சொன்னால் அங்கேயே போர். இதில் எது உண்மை என்றும் தெரியாது. அவள் என்ன செய்வாள், சொல்லுங்கள்?

குறித்த நாள் வந்தது. கணவாயின் நடுப்பாறையில், படைகள் பின்னால் நிற்க, இரண்டு அரசர்களும் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். செம்மண் அரசனுக்குப் பக்கத்தில் சாத்தன், கழுத்துக்கு மேல் கத்தி. கருமண் அரசனுக்குப் பக்கத்தில் பூதன், கழுத்துக்கு மேல் கத்தி. கொற்றி மட்டும் வரவில்லை. யார் வந்தாலும் போனாலும் மேற்கு வாசல் ஆளில்லாமல் இருக்கக்கூடாது.

வெண்ணி இருவருக்கும் தண்ணீர் கொடுத்தாள். தினைமாவு கொடுத்தாள்.

செம்மண் அரசன் கேட்டான். "பெண்ணே, இந்த மலை என்னுடையதுதானே?"

"மாவு சாப்பிடுங்க ராசா" என்றாள் வெண்ணி.

கருமண் அரசன் கேட்டான். "அம்மா, இந்த மலை என்னுடையதுதானே?"

"தண்ணி குடிங்க ராசா" என்றாள் வெண்ணி.

இரண்டு பேரும் ஒரே குரலில் கேட்டார்கள். "யாருடையது?"

வெண்ணி தம்பியைப் பார்த்தாள். கணவனைப் பார்த்தாள். எதனாலோ அந்த நேரத்தில் பாறைச் சந்தில் கிடந்த வளையல் துண்டுகள் கண்ணுக்குள் வந்தன. இம்முறை அவள் வேறு வேலை பார்க்கவில்லை.

"செம்மண் ராசா, இந்த மலையை நாங்க உங்களுக்குக் கொடுத்தது இல்லை" என்றாள். "கருமண் ராசா, உங்களுக்கும் இல்லை."

ஊர் மூச்சை இழுத்துக்கொண்டது. எயினன் காதைப் பொத்திக்கொண்டு, "அடிப்பாவி! வாசல்ல நின்னவ சொல்ற வார்த்தையா இது? சத்தியம் போச்சே!" என்று அலறினார்.

"இரண்டு பேரும் ஆமாம்னு கேட்டது நிஜம்" என்றாள் வெண்ணி. "அது சாட்சி இல்லை ராசா, உபசாரம். வர்றவங்க எல்லாருக்கும் அதையே சொல்லுவோம். மலை யாருடையதுன்னு நிஜமாவே எங்களுக்குத் தெரியாது."

"பொய்!" என்று எழுந்தான் செம்மண் அரசன். "என் தாத்தாவுக்குச் சொன்ன வாக்கு!"

"பொய்!" என்று எழுந்தான் கருமண் அரசன். "என் பாட்டனுக்குச் சொன்ன வாக்கு!"

கத்திகள் உயர்ந்தன.

"வெட்டுறதுக்கு முன்னாடி ஒன்னே ஒன்னு!" என்று நடுவில் பாய்ந்தாள் வெண்ணி. "மேற்கு வாசல்ல என் நாத்தனா நிக்கிறா. இங்க நடந்தது அவளுக்குத் தெரியாது. உங்க ஆளுங்க மூணு பேரை அனுப்புங்க. நீங்க கேட்ட அதே கேள்வியைக் கேட்கட்டும். நீங்க வேலிக்குப் பின்னால நின்னு கேளுங்க. அதுக்கப்புறம் வெட்டுங்க, என்னைச் சேர்த்து."

அரசர்கள் யோசித்தார்கள். மேற்கு வாசல் வேலிக்குப் பின்னால் போய் நின்றார்கள். மகுடம் தெரியக்கூடாதென்று கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்கள். அங்கே இடம் குறைவு. தலைமுறை தலைமுறையாகப் பகைத்த இருவரும் தோளோடு தோள் ஒட்டி நிற்க வேண்டியிருந்தது. முள் குத்தியபோது இருவரும் ஒரே நேரத்தில் "ஸ்" என்றார்கள்.

முதலில் செம்மண் அரசனின் குடைக்காரன் போனான். "அம்மா, இந்த மலை என்னுடையதுதானே?"

"ஆமாங்க, உங்களுடையதுதான், உட்காருங்க" என்றாள் கொற்றி.

அடுத்து கருமண் அரசனின் குதிரைக்காரன் போனான். "அம்மா, இந்த மலை என்னுடையதுதானே?"

"ஆமாங்க, உங்களுடையதுதான். அவரு பக்கத்துல உட்காருங்க."

மூன்றாவதாகப் பொதி சுமக்கும் கழுதையை ஓட்டி வந்தவன் போனான். அவன் கொஞ்சம் குறும்புக்காரன். "அம்மா, மலை எனக்கு வேண்டாம். என் கழுதைக்குச் சொந்தம்தானே?"

கொற்றி கழுதையைத் தலை முதல் வால் வரை பார்த்தாள். முகம் மாறவே மாறாமல், "ஆமாங்க, அதுக்கேதான் சொந்தம். கூட்டிக்கிட்டு வாங்க, தண்ணி காட்டலாம்" என்றாள்.

குடைக்காரன் சிரித்தான். குதிரைக்காரன் சிரித்தான். செய்தி காதுக்குக் காது போய், நடுப்பாறையில் நின்ற இரண்டு படையும் சிரித்தன. யார் முதலில் சிரித்தது என்று பிறகு யாருக்கும் தெரியவில்லை. சிரிக்கிற கையால் கத்தியைப் பிடிக்க முடியாது. கழுத்துகளுக்கு மேலிருந்த கத்திகள் தாமாகவே தாழ்ந்தன.

அரசர்கள் சிரிக்கவில்லை. செம்மண் அரசன் மகுடத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு திரும்பி வந்தான். "என் தாத்தாவுக்குச் சொன்னதும் இப்படித்தானா?" என்று மெல்லக் கேட்டான்.

"நான் அப்போ பிறக்கலைங்க ராசா. ஆனா வாசல் அதே வாசல்தான்."

அரசன் சாத்தனின் முதுகைத் தட்டி, "போ" என்றான். சாத்தன் அக்காவின் பக்கம் வந்து நின்றான்.

கருமண் அரசன் அவ்வளவு சுலபமாக விடவில்லை. "நேற்று ஆமாம் என்றீர்கள், இன்று இல்லை என்கிறீர்கள். எந்த நாக்கை நம்புவது?"

"என் நாக்கை நம்ப வேண்டாம் ராசா. ஆளு உங்க பக்கத்துலதான் நிக்கிறாரு. அவரையே கேளுங்க."

அரசன் பூதனைத் திருப்பி நிறுத்தினான். "சொல். நீ என் ஆள்தானே?"

பூதன் வாயைத் திறந்தான். பாருங்கள், அவனும் கணவாயூரில் பிறந்தவன்தானே. நிற்பது சொந்த ஊர். கேட்பவன் விருந்தாளி. "ஆமாங்க" என்ற சொல் நாக்கின் நுனி வரை வந்துவிட்டது. வெண்ணி மூச்சு விட மறந்து நின்றாள். பூதன் அவளைப் பார்த்தான், மறுபடியும் அரசனைப் பார்த்தான், நெற்றி வியர்வையைத் துடைத்தான்.

"தப்பா நினைக்காதீங்க ராசா" என்றான். "இல்லைங்க."

அரசன் அவனையே உற்றுப் பார்த்தான். "இத்தனை ஆண்டில் இந்த மலையில் எனக்குக் கிடைத்த பொய் இல்லாத பதில் இதுதான் போலிருக்கிறது" என்று முணுமுணுத்து, பூதனின் தோளிலிருந்து கையை எடுத்தான்.

போர் அன்று நடக்கவில்லை. பிறகு அவர்கள் சண்டை தீர்ந்ததா என்று கேட்காதீர்கள். தீரவில்லை. அரசர்களுக்கு வேறு காரணம் கிடைக்காமலா போகும்? மலை யாருடையது என்பதும் தெளியவில்லை. ஆனால் கணவாயூரின் ஆமாமைக் கையில் பிடித்துக்கொண்டு அதன்பின் ஒரு படையும் ஏறி வரவில்லை.

ஊர் மட்டும் வெண்ணியை மன்னிக்கவில்லை. சத்தியத்தை உடைத்தவள் வாசலில் நிற்கக்கூடாது என்று எயினன் சொல்லிவிட்டார். அந்த இடத்துக்கு வேறு யாரும் வரவில்லை. எந்த ஆமாம் யார் தலையைக் கொண்டுபோகுமோ என்று எல்லோருக்கும் பயம். கடைசியில் எயினனே போய்க் கிழக்கு வாசலில் நின்றார்.

மழைக்காலம் வந்தது. மூடுபனியில் ஒரு நெசவாளி, முதுகில் துணிமூட்டையோடு நனைந்து நடுங்கி வந்து நின்றான். "ஐயா, கீழே இறங்குகிற வழி நல்ல வழியா?"

வழி காலையில்தான் சரிந்திருந்தது. எயினன் வழக்கப்படி வாயைத் திறந்தார். "நல்ல..." என்று தொடங்கினார். அதற்கு மேல் வரவில்லை. எந்தச் சொல் இவனைக் கொல்லும், எந்தச் சொல் இவனைக் காக்கும் என்று அவருக்குக் குழம்பிப்போனது. மழையில் விறைத்துச் செத்த பழைய வழிப்போக்கன் நினைவுக்கு வந்தான். அன்று அவனைக் கொன்றது இல்லை என்ற சொல்லா, சாத்திய கதவா? கதவை விட்டுவிட்டு, இத்தனை தலைமுறையாகச் சொல்லை அடைத்து வைத்தோமே!

"இல்லைப்பா" என்றார் எயினன். "வழி நல்லா இல்லை. சரிஞ்சு கிடக்கு. உள்ள வா. வழி சரியாகிறவரைக்கும் எங்க வீட்டுலயே இரு."

நெசவாளி உள்ளே வந்தான், தண்ணீர் குடித்தான், தினைமாவு சாப்பிட்டான், உயிரோடு ஊர் போய்ச் சேர்ந்தான்.

அன்று மாலையே எயினன் வெண்ணியின் வீட்டு முன்னால் வந்து, செருமிக்கொண்டே நின்றார்.

"என்ன மாமா?"

"நாளையிலிருந்து நீயே வாசலுக்கு வந்துடு, தாயே."

"முடியாதுன்னு சொன்னா?"

"சொல்லேன்" என்றார் எயினன். "இப்பத்தான் சொல்லலாமே." உள்ளே பூதனும் சாத்தனும் சிரித்தார்கள்.

வெண்ணி மறுநாள் வாசலுக்குப் போனாள்.

கதை கேட்டவர்களே, சுவர் ஓரத்தில் தூங்கியவர்களே, நீதி இதுதான்: வந்தவருக்குக் கதவைத் திறந்து வைத்து, உள்ளதை உள்ளபடி சொல்வதே உபசாரம்; மனம் குளிரச் சொன்ன பொய், சொன்னவர் வீட்டுப் பிள்ளைகளையே முதலில் பலி கேட்கும்.